போலந்துக் கொழுக்கட்டைக்கு மரச்சீனிப் பூரணம்

அடுக்களைக் கேள்வி பதில்

போன இதழில், கிறிஸ்துமஸுக்கு முந்தின இரவு எங்கள் வீட்டில் அவிக்கும் பியரோகி பற்றிப் பத்து வரி எழுதியிருந்தேன். பியரோகி என்பது போலந்துக்காரர்களின் கொழுக்கட்டை. பால், முட்டை, மீன் எதுவும் இல்லாமல், தாய்லாந்துச் சமையலின் வாசனையைப் பூரணத்தில் வைத்து அதைச் செய்கிறோம் என்று மட்டும் சொல்லி நிறுத்தியிருந்தேன். செய்முறை எங்கே என்று தக்கலை முதல் குவைத் வரை கேட்டு எழுதிவிட்டீர்கள். ஆகவே இந்த இதழ் முழுவதும் அதற்கே.

தக்கலையிலிருந்து ஒரு வாசகி: அண்ணாச்சி, முட்டத்துக்காரரான உங்களுக்குப் போலந்தோடும் தாய்லாந்தோடும் என்ன உறவு? மீன்பிடி ஊரில் இருந்துகொண்டு மீனே இல்லாத சமையல் எதற்கு?

கப்பல்தான் உறவு அம்மா. சரக்குக் கப்பல்களின் அடுக்களையில் 31 வருடம் நின்றவன் நான். 1994 ஜனவரியில், பால்டிக் கடலோரம் போலந்தின் கிதினியா துறைமுகத்தில் எங்கள் கப்பல் ஒன்பது நாள் நின்றது. இரண்டாம் சமையற்காரர் அந்த நாட்டுக்காரர். ஒரு மத்தியானம் பனியில் நடத்தியே என்னை ஒரு ‘பார் ம்லேச்னி’க்குக் கூட்டிப்போனார். பெயருக்குப் பால் கடை என்று பொருள். உண்மையில் அது அரசு மானியத்தில் குறைந்த விலைக்கு வயிறு நிறையப் போடும் உணவகம்.

தட்டில் பிறை வடிவில் எட்டுத் துண்டுகள் வந்தன. மேலே பொன்னிறமாகப் பொரித்த வெங்காயம். உள்ளே மசித்த உருளைக்கிழங்கும் ‘த்வருக்’ என்ற புளிப்பான பாற்கட்டியும். ஓரத்தைப் பார்த்ததும் என் கை அப்படியே நின்றுவிட்டது. அம்மா கொழுக்கட்டை ஓரத்தை எப்படி நுள்ளி மடிப்பாளோ அதே மடிப்பு. அதற்கு ‘ருஸ்கியே’ என்று பெயர் என்றார். ரஷ்யக் கொழுக்கட்டையா என்று கேட்டேன்; அவர் முகம் சிவந்துவிட்டது. இன்றைய உக்ரைனின் மேற்குப் பக்கத்தை உள்ளடக்கிய ருத்தேனியா என்ற பழைய நிலப்பகுதியின் பெயர் அது, ரஷ்யாவோடு அதைச் சேர்க்காதே என்று தட்டு காலியாகும் வரை விளக்கினார்.

பாங்காக்கில் துறைமுகத்துக்குப் பக்கத்திலேயே குலோங் தோய் சந்தை இருக்கிறது. விடியுமுன் காய்கறி வாங்கப் போவேன். எலுமிச்சைப்புல்லை விறகுக் கட்டு போல அடுக்கி வைத்திருப்பார்கள். கல்லுரலில் மசாலா இடிக்கும் சத்தம் சந்தை முழுவதும் கேட்கும். அந்த வாசனை என் சட்டையோடு கப்பலுக்கு வந்துவிடும்.

மீன் விஷயத்துக்கு வருகிறேன். நான் ஊரோடு தங்கிய பிறகு இளைய மகள் மீனையும் பாலையும் முட்டையையும் விட்டுவிட்டாள். நனிசைவம் என்று அதைச் சொல்கிறார்கள். வீகன் என்றால் பலருக்கும் விளங்கும். கடற்கரையில் பிறந்த பிள்ளை மீனை விட்டது எனக்கு வருத்தமாகத்தான் இருந்தது. அந்த வருடக் கிறிஸ்துமஸ் விருந்தில் அவள் சோற்றையும் துவையலையும் வைத்துக்கொண்டு ஓரமாக உட்கார்ந்திருந்தாள். பல நாட்டு மாலுமிகளுக்கும் அவரவர் நாக்குக்கு ஏற்றபடி சமைத்துப் போட்டவன் வீட்டில், பெற்ற பிள்ளை அரை வயிற்றோடு எழுந்தது. மறுநாள் காலை மரச்சீனி என்கிற மரவள்ளிக் கிழங்கை எடுத்துத் தோலுரிக்கத் தொடங்கினேன்.

மார்த்தாண்டத்திலிருந்து ஒரு வாசகி: அளவோடு செய்முறை சொல்லுங்கள் அண்ணாச்சி. நம் சந்தையில் கிடைக்கிற சாமான்களை வைத்தே சொல்லுங்கள்.

எல்லாமே நம் சந்தையில் கிடைக்கிறதுதான் அம்மா, அதனால்தான் இதில் எனக்கு இவ்வளவு பிடிப்பு. இந்த அளவுக்கு 40 கொழுக்கட்டை வரை வரும்.

முதலில் மாவு. மைதா 400 கிராம், உப்பு முக்கால் தேக்கரண்டி, தேங்காய் எண்ணெய் இரண்டு மேசைக்கரண்டி. தண்ணீரைக் கொதிக்க வைத்து இறக்கி, இரண்டு நிமிடம் ஆறவிட்டு, 200 மில்லி அளந்து கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றிக் கரண்டிக் காம்பால் கிளறுங்கள். கை பொறுக்கும் சூடு வந்ததும் பத்து நிமிடம் பிசையுங்கள். மாவு காதுமடல் போல மெதுவாக இருக்க வேண்டும். வறண்டிருந்தால் ஒரு மேசைக்கரண்டி வெந்நீர் கூட விடலாம். ஈரத்துணி போட்டு மூடி அரை மணி நேரம் வைத்துவிடுங்கள். சுடுதண்ணீர் ஏன் என்று கேட்பீர்கள். பச்சைத் தண்ணீரில் பிசைந்த மைதா ரப்பர் போல இழுத்துக்கொள்ளும். விரிக்க விரிக்கச் சுருங்கும். சூடு பட்டால் மாவின் ஒரு பகுதி அப்போதே வெந்து தண்ணீரைப் பிடித்துக்கொள்கிறது; இழுவை குறைகிறது. போலந்து வீடுகளிலும் பலர் முட்டை சேர்க்காமல் சுடுதண்ணீரில்தான் பிசைகிறார்கள். ஆகவே மாவைப் பொறுத்தவரை நாம் எதையும் விட்டுக்கொடுக்கவில்லை.

அடுத்தது பூரணம். உருளைக்கிழங்குக்குப் பதில் மரச்சீனி. தோலுரித்துத் துண்டாக்கியது 350 கிராம். நிறையத் தண்ணீரில், மூடாமல், கரண்டி பட்டால் உடையும் வரை வேகவைத்து, அந்தத் தண்ணீரை முழுவதும் வடித்துக் கொட்டிவிடுங்கள். கட்டுள்ள, அதாவது கசக்கும் கிழங்கை நம் வீடுகளில் இப்படி வடித்துக் கொட்டுவதற்குக் காரணம் இருக்கிறது. அதில் சயனைடு உண்டாக்கும் பொருள் உண்டு. நன்றாக வேகவைத்து வடித்தால்தான் குறையும். நடுநாரை எடுத்துவிட்டுச் சூட்டோடு மசிக்க வேண்டும். ஆறிவிட்டால் பசையாகிக் கரண்டியோடு வந்துவிடும்.

பாற்கட்டிக்குப் பதில் முந்திரி, 75 கிராம். அண்டி ஆபீஸில், அதாவது முந்திரி ஆலையில், உடைந்த பருப்பு வாங்கினால் போதும். முழுப் பருப்புக்குக் காசைக் கொட்ட வேண்டாம். நான்கு மணி நேரம் ஊறவைத்து, ஒரு மேசைக்கரண்டி எலுமிச்சைச் சாறும் கால் தேக்கரண்டி உப்பும் சேர்த்துக் கொரகொரப்பாக அரைக்க வேண்டும். நைசாக அரைத்தால் பாயசத்துக்குத்தான் ஆகும். த்வருக் உதிரியாக, சிறு சிறு மணியாக இருக்கும். அந்த மணிதான் நமக்கு வேண்டும்.

மசாலாவை அம்மியில் அரைப்பது நல்லது, மிக்சியில் அரைத்தாலும் குற்றமில்லை. எலுமிச்சைப்புல் இரண்டு தண்டு. அடிப்பக்கத்து வெள்ளைப் பகுதி நான்கு விரல் நீளம் மட்டும். மேல்தோல் இரண்டைக் கழற்றிவிட்டு, குறுக்கே காகிதம் போல மெல்லியதாக வெட்டுங்கள். நீளவாட்டில் வெட்டினால் நார் பல்லில் சிக்கும். முதல் தடவை என் மகள் வாயிலிருந்து நாரை எடுத்து வைத்ததை நான் மறக்கவில்லை. பேரரத்தை பெருவிரல் நுனியளவு. தாய்லாந்தில் ‘கா’ என்பது இதுதான். நாட்டு மருந்துக் கடையில் காய்ந்த சித்தரத்தையைத் தருவார்கள். அது வேறு, கஷாய வாடை தூக்கலாக வரும். பச்சைப் பேரரத்தை கிடைக்காவிட்டால் இளம் இஞ்சி போடுங்கள், கஷாயம் வேண்டாம். காந்தாரி மிளகாய் எட்டு, வெள்ளைப்பூண்டு நான்கு பல், நல்லமிளகு அரைத் தேக்கரண்டி, மல்லி வேர் நான்கு. மல்லிக்கட்டின் வேரை நாம் வெட்டி எறிந்துவிடுகிறோம். தாய்லாந்துக்காரர்கள் வேருக்காகவே கட்டை வாங்குவார்கள். இலையைவிட வேரில் மண்ணின் மணம் கூடுதல்.

நாரத்தை இலை மூன்று. அங்கே ‘மக்ரூட்’ என்ற எலுமிச்சையின் இலையைப் போடுவார்கள். ஒன்றன்மேல் ஒன்று ஒட்டிய இரட்டை இலை போலத் தோன்றும். நம் நாரத்தை இலை அதற்குச் சித்தி மகள். நடுநரம்பை உரித்துவிட்டு, சுருட்டி, நூல் போல அரிந்துகொள்ளுங்கள்.

இப்போது சேர்க்கை. 150 கிராம் சின்ன உள்ளியைப் பொடியாக அரிந்து, தேங்காய் எண்ணெயில் சிறு தீயில் இருபது நிமிடம் வதக்குங்கள். இதில் அவசரப்படக் கூடாது. போலந்துக் கொழுக்கட்டையின் பாதி ருசி பொறுமையாக வதங்கிய வெங்காயத்தில் இருக்கிறது. வதங்கியதில் மூன்றில் ஒரு பங்கை மேலே போட எடுத்து வையுங்கள். இன்னொரு சட்டியில் 100 மில்லி ஒன்றாம் தேங்காய்ப்பாலை எண்ணெய் பிரியும் வரை காய்ச்சி, அரைத்த மசாலாவை அதில் பச்சை வாடை போகும் வரை வதக்குங்கள். மரச்சீனி, முந்திரி, உள்ளி, நாரத்தை இலை எல்லாவற்றையும் போட்டு உப்புப் பாருங்கள். பூரணம் கொஞ்சம் உப்பும் காரமும் தூக்கலாகவே இருக்கட்டும்; மாவுக்குள் போனதும் இறங்கிவிடும். முழுவதும் ஆறவிடுங்கள்.

மாவை இரண்டு மில்லிமீட்டர் கனத்துக்கு விரித்து, எட்டு சென்டிமீட்டர் வாயுள்ள தம்ளரால் வட்டம் வெட்டி, ஒரு தேக்கரண்டி குவித்துப் பூரணம் வைத்து மடித்து நுள்ளுங்கள். பெரிய பானையில் மூன்று லிட்டர் தண்ணீர், ஒரு மேசைக்கரண்டி உப்பு. ஒரு தடவைக்குப் பத்துக்கு மேல் போட வேண்டாம். மேலே மிதந்த பிறகு இரண்டு நிமிடம், எடுத்துவிடலாம். அப்படியே சாப்பிடலாம். நாங்கள் தோசைக்கல்லில் தேங்காய் எண்ணெய் விட்டு ஒரு பக்கம் மட்டும் முறுகவிட்டு, எடுத்து வைத்த உள்ளியை மேலே தூவுவோம்.

தொட்டுக்கொள்ள: நெல்லிக்காயளவு புளியைக் கரைத்து, கருப்பட்டி இரண்டு மேசைக்கரண்டி, சோயா சாஸ் ஒரு மேசைக்கரண்டி, நசுக்கிய காந்தாரி மூன்று சேர்த்து ஒரு கொதி. தாய்லாந்தில் பெட்சபுரி பக்கம் பனஞ்சர்க்கரைக்குப் பேர்போனது. பனை நம்முடைய மரமும்தானே. புளி, பனை இனிப்பு, காரம் மூன்றும் அங்கும் இங்கும் ஒரே தட்டில் கூடி வாழ்கின்றன.

குலசேகரத்திலிருந்து ஒரு வாசகர்: போன இதழைப் படித்துவிட்டு நானே முயன்றேன். பானையில் போட்டதும் பாதிக்குப் பாதி வாய் பிளந்து, தண்ணீர் கஞ்சியாகிவிட்டது. என்ன தவறு?

மூன்று இடத்தில் பாருங்கள் தம்பி. ஓரத்தில் பூரணத்தின் எண்ணெய் பட்டிருக்கும். எண்ணெய் பட்ட மாவு ஒட்டவே ஒட்டாது. பூரணம் சூடாக இருந்திருக்கும். உள்ளே நீராவி சேர்ந்து வாயைத் திறந்துவிடும். அல்லது விரிக்கும்போது மாவு தூவித் தூவி ஓரம் காய்ந்திருக்கும். விரலைத் தண்ணீரில் நனைத்து ஓரத்தைத் தடவி, உள்ளே காற்று இல்லாமல் அழுத்தி, முதலில் ஒரு தடவை ஒட்டுங்கள். பிறகு அழகுக்கு மடிப்பு வையுங்கள். பலர் மடிப்பையே ஒட்டு என்று நினைக்கிறார்கள்.

தண்ணீர் தளதளவென்று கொதிக்கவும் கூடாது. போட்டதும் அடியில் ஒட்டாமல் ஒரு தடவை மரக்கரண்டியால் தள்ளிவிட்டு, தீயைத் தணியுங்கள்.

நாகர்கோவில் வடசேரியிலிருந்து ஒரு வாசகி: தாய்லாந்துக் குழம்பு வகைகளில் மீன் சாஸை எடுத்துவிட்டு உப்புப் போட்டுப் பார்த்தேன். ஏதோ குறைகிறது. இந்தக் கொழுக்கட்டையிலும் அப்படித்தானே இருக்கும்?

நல்ல கேள்வி. இதற்குப் பதில் தெரியாததால்தான் நனிசைவச் சமையல் சப்பென்று இருக்கிறது என்று பலர் விட்டுவிடுகிறார்கள்.

ஒரு சாமானைச் சட்டியிலிருந்து எடுத்தால், அது அங்கே என்ன வேலை செய்துகொண்டிருந்தது என்று பார்த்து, அந்த வேலைக்கு வேறு ஆள் வைக்க வேண்டும். ‘நம் ப்லா’ என்கிற மீன் சாஸ் உப்பை மட்டும் கொடுப்பதில்லை. நெத்திலி வகை மீன்கள் உப்பில் மாதக்கணக்கில் ஊறிக் கரைந்து வந்த சாறு அது. நாக்கின் அடியில் தங்கும் ஒரு ருசி அதில் இருக்கிறது. நம் கருவாட்டுக் குழம்பைச் சாப்பிட்டு எழுந்த பிறகும் வாயில் நிற்கிறதே, அதே ருசி. வெறும் உப்பு அந்த வேலையைச் செய்யாது.

நான் கண்ட ஆள் காய்ந்த காளான். போலந்தில் இலையுதிர் காலத்தில் காட்டுக் காளானைப் பறித்து நூலில் கோத்துக் காயவைத்துக் குளிர்காலம் முழுவதும் பயன்படுத்துவார்கள். பாங்காக்கின் சீனர் தெருக் கடைகளிலும் காய்ந்த ஷிடாகே காளான் மூட்டை மூட்டையாகக் கிடக்கும். இரண்டு அடுக்களைக்கும் பொதுவான பொருள் அது ஒன்றுதான் என்று நினைத்தேன், அதைப் பிடித்துக்கொண்டேன். காளான் காய்ந்து, பிறகு தண்ணீரில் ஊறும்போது அந்த அடிநாக்கு ருசி இறங்குகிறது. நம் ஊரில் சிப்பிக்காளானை வாங்கி, கிழித்து, மொட்டைமாடியில் சலசலவென்று காயும் வரை நல்ல வெயிலில் போடுங்கள். ஒரு கைப்பிடியை ஒரு தம்ளர் வெந்நீரில் அரை மணி நேரம் ஊறவைத்து, காளானை எடுத்துவிட்டு, அந்தத் தண்ணீரைச் சோயா சாஸ் இரண்டு மேசைக்கரண்டியும் அரைத் தேக்கரண்டி உப்பும் சேர்த்துப் பாதியாகச் சுண்டவிடுங்கள். கறுப்பாக, கெட்டியாக வரும். மீன் சாஸ் எங்கெல்லாம் வருகிறதோ அங்கெல்லாம் இதை விடலாம். பூரணத்தில் ஒரு மேசைக்கரண்டி போதும். அந்த அளவுக்கு உப்பைக் குறைத்துக்கொள்ளுங்கள்.

இன்னொன்று. கடைகளில் விற்கும் தாய்லாந்து மசாலா விழுதுப் புட்டிகளில் பெரும்பாலும் ‘கபி’ என்ற இறால் விழுது கலந்திருக்கும். பச்சை நிறத்தைப் பார்த்துச் சைவம் என்று வாங்கிவிடாதீர்கள். பின்பக்க எழுத்தைப் படியுங்கள். தாய்லாந்துக்கே போகிறவர்கள் ‘ஜே’ என்ற சொல்லை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். மஞ்சள் கொடியில் சிவப்பு எழுத்தாக அந்தச் சொல் தொங்கும் கடையில் மீன் சாஸும் இருக்காது, முட்டையும் இருக்காது. பூண்டும் வெங்காயமும்கூட இருக்காது. அது அவர்களுடைய ஒன்பது நாள் நோன்பின் முறை.

கருங்கலிலிருந்து ஒரு வாசகி: தாய்லாந்து முறையில் சமைத்தபோது, மசாலாவைப் போடுவதற்கு முன்பே தேங்காய்ப்பால் திரிந்துவிட்டது. கொட்டிவிட்டேன். திரியாமல் காய்ச்சுவது எப்படி?

ஐயோ, கொட்டியிருக்க வேண்டாம் மகளே. சொதிக்குப் பால் திரிந்தால்தான் நமக்குக் கவலை. இங்கே திரிவதுதான் முதல் படி. தாய்லாந்துச் சமையற்காரர்கள் ஒன்றாம் பாலை வேண்டுமென்றே எண்ணெய் மேலே மிதக்கும் வரை காய்ச்சி, அந்த எண்ணெயிலேயே மசாலாவை வதக்குவார்கள். தனியாக எண்ணெய் விடுவதைவிட வாசனை இறுக்கமாகப் பிடிக்கும். ஈத்தாமொழித் தேங்காயை உடனே திருகி, தண்ணீர் மிகக் குறைவாக விட்டுப் பிழிந்தால் ஐந்தாறு நிமிடத்தில் பிரிந்துவிடும். டப்பாப் பாலில் திரியாமலிருக்க ஏதாவது சேர்த்திருந்தால் எவ்வளவு காய்ச்சினாலும் பிரியாது. அதற்கு ஒரு தேக்கரண்டி தேங்காய் எண்ணெய் விட்டுக்கொள்ளுங்கள்.

பூதப்பாண்டியிலிருந்து ஒரு பெரியவர்: ஓலைக் கொழுக்கட்டையும் தெரளியப்பமும் இருக்கிற நாட்டில் மைதாவைப் பிசைந்து போலந்துப் பெயர் வைப்பதில் எனக்கு உடன்பாடில்லை. நம் பிள்ளைகளுக்கு நம்முடையது மறந்துபோகாதா?

ஐயா, உங்கள் கவலை எனக்கும் உண்டு. திருக்கார்த்திகைக்குப் பனங்குருத்தில் பொதிந்து அவித்த கொழுக்கட்டையின் வாசனைக்கு ஈடு எனக்கு இன்றும் கிடையாது. தெரளி இலை எங்கே கிடைக்கும் என்று கேட்டால் முழிக்கிற பிள்ளைகளை நானும் பார்க்கிறேன். அதற்கு மருந்து, அவர்களைக் கூட உட்காரவைத்து அதைச் செய்வதுதான், நாங்கள் செய்கிறோம்.

ஆனால் நம்முடையது எது என்பதில் ஒரு வார்த்தை சொல்ல அனுமதியுங்கள். மரச்சீனியும் முந்திரியும் மிளகாயும் தென் அமெரிக்காப் பக்கத்திலிருந்து கப்பலேறி வந்தவை. நம் குமரி மாவட்டம் 1949 வரை திருவிதாங்கூரிலும், பிறகு 1956 நவம்பர் 1 வரை திருவிதாங்கூர்-கொச்சியிலும் இருந்தது. 1880 முதல் 1885 வரை திருவிதாங்கூரை ஆண்ட விசாகம் திருநாள் மகாராஜாதான் மரச்சீனியை ஊர் ஊராகப் பரப்ப முனைந்தவர். இரண்டாம் உலகப்போரில் பர்மா அரிசி நின்றபோது இந்தப் பக்கத்துக் குடும்பங்களைக் காப்பாற்றியது அந்தக் கிழங்கு. என் அம்மா அந்தப் பஞ்சத்தைப் பற்றிச் சொல்லும்போதெல்லாம் மரச்சீனியைத் தெய்வம் போலச் சொல்வாள். போலந்திலும் உருளைக்கிழங்கு 18ஆம் நூற்றாண்டில்தான் பரவலானது. அதுவும் தென் அமெரிக்காவிலிருந்து வந்ததுதான். ஏழையின் பசிக்கு வந்த இரண்டு கிழங்குகள் ஐயா. ஒன்றின் இடத்தில் இன்னொன்றை வைத்தபோது எனக்கு அந்நியமாகவே தோன்றவில்லை.

பெயரை நான் மாற்றாததற்குக் காரணம், கற்றுத் தந்தவருக்குச் செய்யும் மரியாதை. கிதினியாவில் அந்த மனிதர் தன் பாட்டியின் கை மடிப்பை எனக்குக் காட்டித் தந்தார். அதைப் போலந்துக் கொழுக்கட்டை என்றுதான் நான் சொல்ல வேண்டும்.

குளச்சலிலிருந்து ஒரு வாசகி: கிறிஸ்துமஸுக்கு முந்தின இரவு என்று ஏன் குறிப்பாகச் சொன்னீர்கள்? அன்றைக்கு நம் வீடுகளில் இறைச்சி விருந்துக்கு ஏற்பாடு நடக்குமே.

போலந்துக் கத்தோலிக்கர் வீடுகளில் டிசம்பர் 24 இரவு ‘விகிலியா’. வானத்தில் முதல் நட்சத்திரம் தெரியும் வரை பந்தியில் உட்கார மாட்டார்கள். மேசை விரிப்புக்குக் கீழே கொஞ்சம் வைக்கோல். தீவனத்தொட்டியில் பிறந்தவரின் நினைவு. பன்னிரண்டு வகை வைப்பது வழக்கம், ஒன்றிலும் இறைச்சி கிடையாது; மீன் உண்டு. எதிர்பாராமல் வரும் விருந்தாளிக்காக ஒரு தட்டும் ஓர் இருக்கையும் காலியாகவே இருக்கும். அந்த வழக்கத்தை நான் எங்கள் வீட்டுக்கும் கொண்டுவந்துவிட்டேன். இரண்டு வருடம் முன்பு கடலுக்குப் போய்த் தாமதமாகத் திரும்பிய பக்கத்து வீட்டுப் பையன் அந்தத் தட்டில் உட்கார்ந்து பதினான்கு கொழுக்கட்டை சாப்பிட்டான். அந்த இரவின் சந்தோஷத்தை என்னால் எழுத முடியவில்லை.

அன்றைக்கு அவர்கள் வைப்பது பாற்கட்டிப் பூரணம் அல்ல. புளித்த முட்டைக்கோசும் காய்ந்த காளானும். முட்டைக்கோஸ் ஒரு கிலோவை மெல்லியதாக அரிந்து, 20 கிராம் கல்லுப்புப் போட்டுச் சாறு வரும்வரை பிசைந்து, பீங்கான் பரணியில் அழுத்தி அடைத்து, சாற்றுக்குள் மூழ்கியே இருக்கும்படி மேலே கனம் வைக்க வேண்டும். மூடியை இறுக்க வேண்டாம், உள்ளே காற்று உண்டாகும். குளிர்நாட்டில் வாரக்கணக்கில் ஆகும். நம் ஊர்ச் சூட்டில் நான்காம் நாளே ருசி பாருங்கள், ஒரு வாரத்துக்குள் வந்துவிடும். மேலே மிதக்கும் துண்டுதான் பூசணம் பிடிக்கும், அதனால் மூழ்கல் முக்கியம். பிழிந்தெடுத்து, ஊறிய காளானோடும் வதக்கிய உள்ளியோடும் சேர்த்து, ஈரம் வற்றும் வரை வதக்குங்கள். தாய்லாந்து வாசனைக்கு மல்லி வேர், வெள்ளைப்பூண்டு, மிளகு இந்த மூன்றையும் இடித்துப் போட்டால் போதும். அங்கே இந்த மூன்றுக்கும் மூன்று தோழர்கள் என்றே பெயர். எலுமிச்சைப்புல் இதற்கு வேண்டாம். முட்டைக்கோஸின் புளிப்பு ஏற்கெனவே சத்தமாகப் பேசுகிறது. இன்னொரு குரல் சேர்ந்தால் இரண்டும் கேட்காது.

எங்கள் வீட்டில் தவக்கால வெள்ளிக்கிழமைகளிலும் இதுதான்.

அருமனையிலிருந்து ஒரு தாய்: கல்லூரியில் படிக்கும் மகள் வீகன் ஆகிவிட்டாள். உடம்பு தாங்குமா?

பருப்பு, பயறு, சோயா, கீரை, கொட்டை வகைகளை ஒழுங்காகச் சாப்பிட்டால் தாங்கும் அம்மா. ஆனால் பி12 என்ற வைட்டமின் செடிகொடிகளிலிருந்து நம்பிக்கையாகக் கிடைக்காது. அதற்கு மாத்திரை கட்டாயம். மருத்துவரிடம் அழைத்துப் போய் இரத்தம் பார்த்து அளவு கேட்டுக்கொள்ளுங்கள். என் மகள் அப்படித்தான் எடுத்துக்கொள்கிறாள். கோபித்துக்கொள்ளாமல் கூட நின்றால் அவளும் சொன்னதைக் கேட்பாள்.

தோவாளையிலிருந்து ஒரு வாசகி: கோதுமை, மைதா இரண்டும் என் மாமியாருக்கு ஒத்துக்கொள்ளாது. அரிசி மாவில் வருமா?

வரும், ஆனால் தண்ணீரில் போடக்கூடாது, கரைந்துவிடும். இடியாப்ப மாவு நான்கு பங்குக்கு ஜவ்வரிசி மாவு ஒரு பங்கு, உப்பு, எண்ணெய், கொதிக்கும் தண்ணீர். ஜவ்வரிசி மாவு இழுவையைக் கொடுக்கும். இட்லிக் கொப்பரையில் எண்ணெய் தடவிய வாழையிலை மேல் வைத்துப் பத்து நிமிடம் அவியுங்கள். சூட்டோடு சாப்பிட வேண்டும், ஆறினால் விறைக்கும். சோயா சாஸிலும் பெரும்பாலும் கோதுமை உண்டு. மாமியாருக்குக் காளான் தண்ணீரை உப்பு மட்டும் போட்டுச் சுண்டவிடுங்கள்.

திருவட்டாற்றிலிருந்து ஒரு வாசகி: இனிப்பாகச் செய்ய முடியுமா?

போலந்தில் கோடைக்காலத்தில் ப்ளம், அவுரிநெல்லி, ஸ்ட்ராபெர்ரி வைத்து இனிப்புப் பியரோகி செய்வார்கள். நமக்கு வரிக்கைச் சக்கை, அதாவது பலாப்பழம் இருக்கிறது. சுளையைப் பொடியாக அரிந்து, கருப்பட்டிப் பாகில், நெய்க்குப் பதில் தேங்காய் எண்ணெய் விட்டு, சக்கை வரட்டிக்குக் கிண்டுவது போல ஆனால் பாதிப் பதத்தில் இறக்குங்கள். ஏலமும் சுக்கும் கொஞ்சம். மாவில் அடைத்து வேகவைத்து, மேலே ஒன்றாம் பாலை இளஞ்சூடாக்கி, அதில் இனிப்பு போடாமல் இரண்டு சிட்டிகை உப்பு மட்டும் போட்டு ஊற்றுங்கள். இனிப்பின்மேல் உப்பிட்ட தேங்காய்ப்பாலை ஊற்றுவது தாய்லாந்துக்காரர்களின் வழக்கம். மாம்பழச் சோற்றுக்கும் அப்படித்தான் செய்கிறார்கள். முதல் வாய்க்கு விசித்திரமாக இருக்கும், இரண்டாம் வாய்க்குக் காரணம் புரிந்துவிடும். மட்டி வாழைப்பழத்திலும் முயன்றேன், குழைந்து போகிறது, வேண்டாம். மார்த்தாண்டம் தேன் எவ்வளவு நல்லதாக இருந்தாலும் நனிசைவக்காரர்கள் தேன் எடுத்துக்கொள்வதில்லை. நினைவிருக்கட்டும்.

குவைத்திலிருந்து, திங்கள்நகர்க்காரர் ஒருவர்: வெள்ளிக்கிழமை ஒரு நாள்தான் விடுமுறை. மொத்தமாகச் செய்து வைக்கலாமா?

தாராளமாக வைக்கலாம் தம்பி. வேகவைக்காமல், மாவு தூவிய தட்டில் ஒன்றோடொன்று தொடாதபடி அடுக்கி உறைநிலைப் பெட்டியில் வையுங்கள். கல்லானதும் பையில் மாற்றிக் கட்டிவிடுங்கள். இரண்டு மாதம் வரை நாங்கள் வைத்திருக்கிறோம். சமைக்கும்போது உருகவிடாதீர்கள், உருகினால் ஒட்டி மாவாகிவிடும். அப்படியே கொதிக்கும் தண்ணீரில் போட்டு, மிதந்த பிறகு நான்கு நிமிடம். கூடத் தங்கியிருப்பவர்களில் தாய்லாந்துக்காரர் யாராவது இருந்தால் ஒரு தட்டு கொடுத்து அபிப்பிராயம் கேட்டு எனக்கு எழுதுங்கள், ஆவலாக இருக்கிறேன்.

ஆரல்வாய்மொழியிலிருந்து ஒரு வாசகி: எல்லாம் இருக்கிறது, எலுமிச்சைப்புல் மட்டும் எங்கள் பக்கம் கிடைப்பதில்லை. எலுமிச்சைத் தோலைச் சீவிப் போட்டால் போதுமா?

இந்த ஒரு தடவைக்குப் போதும். அடுத்த தடவைக்கு, நாகர்கோவிலுக்கு வரும்போது அடித்தட்டு வெட்டுப்படாத தண்டாகப் பார்த்து நான்கு வாங்குங்கள். இரண்டைச் சமையுங்கள். மற்ற இரண்டையும் மேல் இலையைக் கத்தரித்துவிட்டு ஒரு தம்ளரில் இரண்டு விரற்கடைத் தண்ணீர் ஊற்றி ஜன்னலோரம் வையுங்கள். தண்ணீரை இரண்டு நாளைக்கு ஒரு முறை மாற்றினால் இரண்டு மூன்று வாரத்தில் வெள்ளை வேர் விடும். வேர் விரல் நீளம் வந்ததும், பாத்திரம் கழுவும் தண்ணீர் போகிற பக்கமாக நட்டுவிடுங்கள். உங்கள் ஊர்க் காற்றில் மண் சீக்கிரம் காயும், அதனால் சருகு போட்டு மூடி வைக்க வேண்டும்.